பிரிட்ஜ் வீரர் கல்பேர்ட்சன்

சீட்டாட்டம் என்றதும் முகஞ் சுளிப்போர் நம்மிடையே பலர். ஆயினும், பிரிட்ஜ் என்னும் ஆட்டத்தை வெறுஞ் சூதெனத் தள்ளிவிட என் மனம் ஒப்புவதில்லை. நால்வர் ஆடும் இவ்வாட்டத்தில் எதிரெதிரே அமரும் இருவர் ஓரணியினர். ஒருவர் கையிலுள்ள 13 சீட்டுகளை மற்றவர் பார்த்தல் கூடாது. முறையாக ஏலங் கூறியே இருவரும் தத்தம் கைவலிமையை உணர்த்தல் வேண்டும். துணைவரை நம்பாதவருக்கு இங்கு வெற்றியில்லை. இந்த ஏலக் கலையை உலகெங்கும் பரப்பியவருள் முதன்மையானவர் ஈலை கல்பேர்ட்சன்.

அவர் 1891இல் ரூமேனியாவிற் பிறந்தார். தந்தையார் அமெரிக்கப் பொறியியலாளர். தாயார் ருஷியக் கொசாக் குடியினர். 1917ஆம் ஆண்டுப் புரட்சியிற் குடும்பச் செல்வம் அழியவே, ஐரோப்பிய நகரங்களிற் சீட்டாடிப் பிழைத்து, 1921இல் அமெரிக்கா சேர்ந்தார். நியூயோர்க்கிலே பிரிட்ஜ் ஆசிரியையாகப் பேர்பெற்றிருந்த ஜோசபின் டில்லன் அம்மையாரை 1923இல் மணந்தார். கல்பேர்ட்சன் துணிவும் ஆரவாரமும் மிக்கவர். அம்மையாரோ நிதானமே உருவானவர். அவ்விரு குணங்களும் ஆட்ட மேசையிலே ஒன்றையொன்று நிறைவு செய்தன.

1925இல் வாண்டர்பில்ட் என்பார் புதிய புள்ளிமுறை வகுக்க, கொன்ட்ராக்ட் பிரிட்ஜ் பரவலாயிற்று. அதற்கேற்ற ஏலமுறையைக் கல்பேர்ட்சன் அமைத்தார். 1929இல் தி பிரிட்ஜ் வேர்ல்ட் என்னும் இதழைத் தொடங்கினார். 1930இல் நீல நூல் எனப் பெயர்பெற்ற தம் நூலை வெளியிட்டார். அவ்வாண்டே மனைவியார் உள்ளிட்ட அணியுடன் இலண்டன் சென்று ஆங்கிலேயர் அணியை வென்றார்.

பழைய வல்லுநர் சிலர் அவர் முறையை ஏற்கவில்லை. ஆதலின், அவர்கள் சார்பில் நின்ற சிட்னி லென்ஸை அவர் போட்டிக்கு அழைத்தார். ரப்பர் எனப்படும் தொடராட்டங்கள் 150 ஆடுவதென முடிவாயிற்று. 1931 டிசம்பரில் நியூயோர்க்கிலே தொடங்கிய போட்டியைப் பத்திரிகைகள் நாள்தோறும் பெருஞ் செய்தியாக்கின. 103 ரப்பர்கள் முடிந்ததும், லென்ஸின் துணைவரான ஒஸ்வால்ட் ஜேக்கபி அவருடன் கருத்து மாறுபட்டு விலகினார். 1932 ஜனவரியிற் கல்பேர்ட்சன் அணி 8,980 புள்ளிகளால் வென்றது. இணை குலைந்த அணி தோற்றது. இணை குலையாத தம்பதியர் புகழின் உச்சி எய்தினர்.

ஆனால், அவ்விணையும் நிலைக்கவில்லை. 1937இல் புடாபெஸ்ட் நகரில் நடந்த உலகப் போட்டியின் இறுதியாட்டத்தில் ஒஸ்திரிய அணி அவர்களைத் தோற்கடித்தது. 1938இல் மணவாழ்வும் முறிந்தது. பின்னர் கல்பேர்ட்சனின் சிந்தை உலக சமாதானத்தின்பாற் சென்றது. எந்தவொரு வல்லரசும் மேலோங்காதவாறு, நாடுகளுக்குப் பங்கு வகுத்து உலகப் படை அமைக்கவேண்டுமென்று 1943இல் ஒரு நூல் எழுதினார். திட்டம் நிறைவேறவில்லை. எனினும் அதனை ஒரு சூதாடியின் கனவென நான் எள்ளேன். தேசங்களும் ஒருவர் கையை மற்றவர் காணாது அமர்ந்திருக்கும் ஆட்டக்காரரே அல்லரோ?

சார்ல்ஸ் கோரன் பரப்பிய புள்ளிக் கணக்கு முறை 1949க்குப் பின் வேரூன்ற, கல்பேர்ட்சன் முறை வழக்கொழிந்தது. 1955 டிசம்பரில் அவர் காலமானார். மூன்று திங்கள் கழியுமுன், 1956 மார்ச்சில், ஜோசபின் அம்மையாரும் மறைந்தார். பிரிந்தபின்னும் அவர் கல்பேர்ட்சன் என்ற பெயரைத் துறக்கவில்லை. ஏலமுறைகள் மாறும், அப்பெயரை இருவரும் சேர்ந்தே ஈட்டினர் என்பதே என் துணிபு.