மார்கஸ் பார்ட்லி: மாயாஜாலப் படங்களில் நிலவொளி

மாயாஜாலப் படங்களின் சிறப்பைத் தந்திரக் காட்சிகளோடு நிறுத்திவிடும் ஆய்வு வழக்கம், ஒளிப்பதிவாளர் மார்கஸ் பார்ட்லியின் (1917-1993) பங்கைக் குறைத்தே காட்டுகிறது. ஆங்கிலோ இந்தியரான அவர், பி. என். ரெட்டியின் 'சுவர்க்க சீமா' (1945) படத்திற்குப்பின் விஜயா நிறுவனத்தின் 'பாதாள பைரவி' (1951), 'மாயா பஜார்' (1957) ஆகியவற்றுக்கு ஒளிப்பதிவு செய்தார். பின்னதன் படகுப் பாடலில் ஒளியமைப்பாலும் கறுப்பு வெள்ளைப் படச்சுருளின் சாம்பல்நிறச் சாயல்களாலும் நிலவிரவை உருவாக்கினார். கடோத்கசனின் மாயங்களினும் அரிய மாயம் அதுவே. பார்வையாளர் அதைத் தந்திரமென்று உணர்வதேயில்லை. ஒளிப்பதிவுக்கான தேசிய விருது 1967ஆம் ஆண்டுப் படங்களிலிருந்தே தொடங்கியதால் அச்சாதனை விருதுக் கணக்கில் ஏறவில்லை. 'செம்மீன்' (1965) படத்தில் கடலை வண்ணத்தில் பதிவுசெய்தவருக்கு அவ்விருதைப் பெற்றுத் தந்தது, 'ஜேன் ஐர்' நாவலின் மர்ம மாளிகைச் சாயல் கொண்ட தமிழ் வண்ணப்படமான 'சாந்தி நிலையம்' (1969).