‘பெரியவர்’ சக்கரபாணி

கொல்லங்கோட்டை அடுத்த வடவன்னூருக்கு எம்.ஜி.ஆரால் வந்த பெருமையை அறியாதவர் இல்லை. அவருடைய அண்ணன் எம்.ஜி.சக்கரபாணியை நினைப்பவர்கள்தான் குறைவு.

1911-ல் பிறந்த சக்கரபாணி, தம்பியைவிட ஆறு வயது மூத்தவர். தந்தை கோபாலமேனன் காலமானபின், தாயார் சத்தியபாமா இரு பிள்ளைகளுடன் கும்பகோணத்தில் குடியேறினார். வறுமை படிப்பை நிறுத்தியது. வயிற்றுப் பிழைப்புக்காகச் சகோதரர் இருவரும் மதுரை ஒரிஜினல் பாய்ஸ் நாடகக் கம்பெனியில் சேர்ந்தனர்.

சினிமாவில் தம்பி கதாநாயகனானார். அண்ணனுக்குக் கிடைத்தவை வில்லன் வேடங்களும் குணசித்திர வேடங்களுமே. அதற்காக அவர் மனம் சோரவில்லை. 1956-ல் வெளியான, தமிழின் முதல் முழுநீள வண்ணப்படமான ‘அலிபாபாவும் 40 திருடர்களும்’ படத்தில், அலிபாபாவின் பேராசைக்கார அண்ணன் காசிமாக வந்தார். திரையில் தம்பியை வஞ்சித்த அவர், வாழ்க்கையில் தம்பிக்குத் தந்தை ஸ்தானத்தில் இருந்தார். 1958-ல் ‘நாடோடி மன்னன்’ படத்திலும் நடித்தார். 1967-ல் தம்பியை நாயகனாக்கி ‘அரச கட்டளை’ படத்தை இயக்கினார்.

தம்பி ‘சின்னவர்’, இவர் ‘பெரியவர்’. திரையுலகம் அப்படித்தான் அழைத்தது.

1986 ஆகஸ்டு 17-ந் தேதி, தம்பி முதலமைச்சராக இருந்தபோதே பெரியவர் கண்மூடினார். மறு ஆண்டு டிசம்பர் 24-ந் தேதி சின்னவரும் மறைந்தார். கைதட்டல் எல்லாம் தம்பிக்கே போனாலும், அண்ணன் என்ற ஸ்தானம் கடைசிவரை அவரிடமே இருந்தது.