கண் கூசிய சாலையும் கடலைப் பார்த்த ராமனும்



பேரவை ஆண்டு மலருக்கு ஏதாவது எழுது என்று நண்பர்கள் நச்சரித்தபோது, கவிதை எழுதத் தெரியாத நான் என்னத்தை எழுதுவது என்று கொஞ்ச நாள் தப்பித்துக்கொண்டு திரிந்தேன். அப்புறம்தான் பிப்ரவரி 28, தேசிய அறிவியல் தினத்துக்காக நான் வகுப்பில் பேசிய பேச்சு ஞாபகம் வந்தது. தலைப்பு சர் சி. வி. ராமன். அவரைப் பற்றிப் படிக்க நூலகத்தில் உட்கார்ந்த நேரத்தில் என் மனசை ஒரு பச்சை நிறப் பிலிம் துண்டு உறுத்திக்கொண்டிருந்தது. அன்று வகுப்பில் அதைச் சொல்ல எனக்குத் தைரியம் வரவில்லை. இங்கே சொல்லிவிடுகிறேன்.

என் மாமாவுக்குத் திண்டிவனத்தில் வீடு. பழைய மாருதி ஆம்னி வேன் வைத்திருக்கிறார். பேக்கரிச் சரக்கை ஏற்றிக்கொண்டு சாயங்காலம் செஞ்சி வரை போய்க் கடைகளுக்குப் போட்டுவிட்டு வருவார். திண்டிவனம் – செஞ்சி ரோடு நேர் மேற்கே போகிற ரோடு. நாலரை மணிக்கு மேல் சூரியன் நேராக முகத்தில் அடிக்கும். கண்ணே தெரியலைடா என்று மாமா அடிக்கடி சொல்வார். ஆட்டோமொபைல் படிக்கிற மருமகன் சும்மா இருப்பேனா? விழுப்புரத்தில் ஒரு கடையில் முன் கண்ணாடியின் மேல் விளிம்பில் ஒட்டுகிற சன் பிலிம் பட்டை வாங்கினேன். இருந்ததிலேயே கருப்பான பச்சை எதுவோ அதையே கேட்டேன். கருப்பாக இருந்தால்தானே வெயிலைத் தடுக்கும் என்பது என் கணக்கு.

ஞாயிற்றுக்கிழமை நானும் என் வகுப்புத் தோழனும் ஒட்டினோம். வேலையைச் சுத்தமாகத்தான் செய்தோம். உள்பக்கம் கண்ணாடி மேல் ஷாம்பு கலந்த தண்ணீரைத் தெளித்து, பின்தாளை உரித்து, பட்டையை வைத்து நகர்த்தி, ரப்பர் கட்டையால் நடுவிலிருந்து ஓரத்துக்குத் தண்ணீரைத் தள்ளினோம். கண்ணாடி வளைகிற இடத்தில் சுருக்கம் விழாமல் இருக்க ஹேர் டிரையர் சூடு காட்டினோம். குமிழி ஒன்றுகூட இல்லை! மாமா தட்டிக்கொடுத்தார். அன்றிலிருந்து அவர் சன் வைசரை இறக்குவதையே விட்டுவிட்டார்.

பத்து நாள் கூட ஆகவில்லை. ஒருநாள் சரக்குப் போட நானும் கூடப் போயிருந்தேன். பொழுது சாய்கிற நேரம். கண்ணாடி முழுக்கப் பால் ஊற்றினது மாதிரி வெள்ளையாக மின்னியது. திடீரென்று மாமா பிரேக்கை அழுத்தினார். வேனுக்கு முன்னால் ஒரு முழம் தள்ளி, கேரியரில் பால் கேனோடு ஒரு பையன் சைக்கிளில் நின்றுகொண்டிருந்தான். கேன் சாய்ந்து பால் ரோட்டில் ஓடியது. பையனுக்கு ஒன்றும் ஆகவில்லை. மாமா இறங்கிப்போய்ப் பாலுக்குக் காசு கொடுத்துவிட்டு வந்து உட்கார்ந்தார். என்னை ஒரு வார்த்தை திட்டவில்லை. திட்டியிருந்தால் தேவலாம் போல இருந்தது.

இந்த நிலைமையில்தான் ராமனின் வாழ்க்கையைப் படித்தேன் நண்பர்களே.

சந்திரசேகர வெங்கட ராமன் 1888 நவம்பர் 7-ஆம் நாள் திருச்சிராப்பள்ளியில் பிறந்தார். தந்தை சந்திரசேகர ஐயர், தாயார் பார்வதி அம்மாள். தந்தைக்கு விசாகப்பட்டினத்துக் கல்லூரியில் விரிவுரையாளர் வேலை கிடைக்கவே, ராமனின் பள்ளிப் படிப்பு அங்கே நடந்தது. 11 வயதில் மெட்ரிகுலேஷன் தேறினார். நாம் ஆறாம் வகுப்பில் இருந்த வயசு அது! பிறகு சென்னை மாநிலக் கல்லூரியில் சேர்ந்து 1904-இல் பி.ஏ. பட்டத்தை முதலிடத்தில் பெற்றார். இயற்பியலில் தங்கப் பதக்கமும் அவருக்கே.

மேல்படிப்புக்கு லண்டன் போகலாம் என்றபோது, அந்தச் சீதோஷ்ணத்தை இந்த உடம்பு தாங்காது என்று டாக்டர் தடுத்துவிட்டார். ராமன் இடிந்து உட்காரவில்லை. கல்லூரி ஆய்வுக்கூடத்தில் இருந்த கருவிகளை வைத்தே, சின்ன இடுக்கு வழியாகப் போகும் ஒளி எப்படி வளைந்து பட்டைகளாகப் பிரிகிறது என்று ஆராய்ந்தார். அந்தக் கட்டுரை 1906-இல் லண்டன் பத்திரிகையில் அச்சானது. அப்போது அவருக்கு வயது 18. நம்மில் பலர் டிப்ளமா இரண்டாம் வருஷம் படிக்கிற வயசு.

1907-இல் எம்.ஏ. முடித்தார். அந்தக் காலத்தில் விஞ்ஞானத்தை நம்பிக் குடும்பம் நடத்த முடியாது. நிதித்துறைப் பரீட்சை எழுதி, கல்கத்தாவில் உதவிக் கணக்குத் தலைமை அதிகாரியாக வேலைக்குப் போனார். அந்த வருஷமே லோகசுந்தரி அம்மையாரோடு திருமணம். ஒருநாள் டிராமில் போகும்போது பவ்பஜார் தெருவில் இந்திய அறிவியல் வளர்ச்சிக் கழகம் என்ற பெயர்ப்பலகை கண்ணில் பட்டது. உள்ளே போய்க் கேட்டார். ஆய்வு செய்ய இடம் கொடுத்தார்கள். அன்று தொடங்கி விடிகாலையில் ஆய்வுக்கூடம், பகலில் ஆபீஸ், சாயங்காலம் மறுபடி ஆய்வுக்கூடம். நடுவில் ரங்கூனுக்கும் நாகபுரிக்கும் மாற்றலாகிப் போன காலம் தவிர, சுமார் பத்து வருஷம் இப்படித்தான் ஓடியது. வீணை, மிருதங்கம் ஆகியவற்றின் ஒலியையும் அவர் ஆராய்ந்திருக்கிறார்.

1917-இல் கல்கத்தா பல்கலைக்கழகம் பேராசிரியர் பதவி கொடுத்தது. சம்பளம் ஏறத்தாழப் பாதியாகக் குறையும். ராமன் தயங்காமல் சர்க்கார் உத்தியோகத்தை உதறிவிட்டு வந்தார்.

இனி வருவதுதான் என்னை உலுக்கிய இடம். 1921-இல் இங்கிலாந்தில் நடந்த பல்கலைக்கழக மாநாட்டுக்குப் போய்விட்டு நர்குண்டா என்ற கப்பலில் திரும்பி வந்துகொண்டிருந்தார். மத்தியதரைக் கடலின் அழுத்தமான நீலம் அவரைக் கட்டிப்போட்டது. கடல் ஏன் நீலமாக இருக்கிறது? வானத்தின் நீலம் தண்ணீரில் பிரதிபலிக்கிறது, அவ்வளவுதான் என்பது பெரிய விஞ்ஞானி ராலே பிரபுவின் விளக்கம். உலகமே அதை ஏற்றுக்கொண்டிருந்தது.

ராமனின் சட்டைப் பையில் நிக்கல் பட்டகம் என்ற சின்னக் கருவி இருந்தது. தண்ணீரின் மேற்பரப்பில் குறிப்பிட்ட கோணத்தில் பட்டுத் திரும்புகிற ஒளியின் அதிர்வு ஒரே தளத்தில் இருக்கும். பட்டகத்தைத் தக்கபடி திருப்பினால் அந்த ஒளி மட்டும் நின்றுவிடும், மற்றது கண்ணுக்கு வரும். கப்பல் தளத்தில் நின்று கடலை அப்படிப் பார்த்தார். வானத்தின் பிரதிபலிப்பு மறைந்தது. நீலம் மறையவில்லை. இன்னும் அழுத்தமாகத் தெரிந்தது! அப்படியானால் அந்த நீலம் கடலுக்கே சொந்தம். தண்ணீரின் மூலக்கூறுகள் சூரிய ஒளியைச் சிதறடிப்பதால் வருவது என்று ராமன் முடிவு செய்தார். கப்பல் பம்பாய்த் துறைமுகத்துக்கு வந்ததும், அங்கிருந்தே இதை நேச்சர் பத்திரிகைக்கு எழுதி அனுப்பிவிட்டார்.

நண்பர்களே, இதைப் படித்ததும் புத்தகத்தை மூடிவிட்டேன். கண்ணுக்கு வரும் வெளிச்சத்தில் எந்தப் பங்கு எங்கிருந்து வருகிறது என்று அவர் முதலில் பார்த்தார். அதற்குப் பிறகு வேண்டாததை மட்டும் நிறுத்தினார். நான் என்ன செய்தேன்? எதையும் பார்க்காமல் கடையில் கருப்பானது எது என்று கேட்டேன்.

அந்த ஞாயிறே திண்டிவனம் போனேன். மாமாவை ஓட்டுநர் சீட்டில் உட்காரவைத்து டேப் பிடித்தேன். கண்ணிலிருந்து கண்ணாடிக்கு 60 செ.மீ. பட்டையின் கீழ் விளிம்பு கண் மட்டத்துக்கு 12 செ.மீ. மேலே. கணக்குப் போட்டால் ஏறத்தாழ 11 டிகிரி வருகிறது. சூரியன் மணிக்கு 15 டிகிரி நகர்கிறது. அதாவது சூரியன் மறைவதற்கு முந்தின முக்கால் மணி நேரம் அது பட்டைக்குக் கீழேதான் இருக்கும்! கண் அதிகமாகக் கூசும் நேரத்தில் என் பட்டைக்கு வேலையே இல்லை. கீழே இறக்கி ஒட்டலாமே என்றால், ரோடே மறைந்துவிடும்.

அப்படியானால் அந்தப் பால் மாதிரி வெள்ளை எங்கிருந்து வந்தது? விரலால் கண்ணாடியின் உள்பக்கம் தேய்த்தேன். எண்ணெய்ப் பசையாக அழுக்கு வந்தது. வெயிலில் டாஷ்போர்டு பிளாஸ்டிக்கிலிருந்து கிளம்பும் ஆவியோடு, மாமா தினமும் பிள்ளையாருக்கு ஏற்றுகிற ஊதுபத்திப் புகையும் சேர்ந்து படிந்திருந்தது. வெளிப்பக்கம் தேய்ந்துபோன வைப்பர் போட்ட அரைவட்டக் கீறல்கள். சிதறல்தான்! மூலக்கூறு போன்ற மிகச் சிறிய பொருள் நீலத்தையே அதிகம் சிதறடிக்கும். தூசும் கீறலும் பெரியவை, எல்லா நிறத்தையும் ஒன்றாகச் சிதறடிக்கும். அதனால் வெள்ளை. அந்த வெள்ளைக்குள்தான் பால்காரப் பையன் காணாமல் போயிருந்தான்.

மறுபடி ராமனுக்கு வருவோம். கடலிலிருந்து திரும்பியவர், சிதறலை ஏழு வருஷம் விடாமல் பிடித்துக்கொண்டார். 1924-இல் லண்டன் ராயல் சொசைட்டி அவரை உறுப்பினராக்கியது. கூட உழைத்தவர்களில் முக்கியமானவர் கே. எஸ். கிருஷ்ணன், அவரும் தமிழ்நாட்டுக்காரர். அவர்கள் செய்த சோதனையைக் கேளுங்கள். சூரிய ஒளியை லென்ஸால் குவித்து, நீல ஊதா வடிகட்டிக் கண்ணாடி வழியாகத் திரவத்துக்குள் செலுத்தினார்கள். பக்கவாட்டில் சிதறி வரும் ஒளியைப் பச்சை வடிகட்டி வழியாகப் பார்த்தார்கள். முதல் கண்ணாடி விட்டதை இரண்டாவது தடுத்துவிட வேண்டும். ஒன்றுமே தெரியக்கூடாது. ஆனால் மங்கலாக ஒரு வெளிச்சம் தெரிந்தது! ஒளி திரவத்துக்குள் போய்த் தன் நிறத்தையே கொஞ்சம் மாற்றிக்கொண்டு வந்திருந்தது. அப்படி மாறுவது சுமார் கோடியில் ஒரு பங்குதான். பாதரச விளக்கையும் நிறமாலைக் கருவியையும் கொண்டு 1928 பிப்ரவரி 28 அன்று அதை உறுதி செய்தார்கள். அதுதான் ராமன் விளைவு.

1929-இல் சர் பட்டம். 1930-இல் நோபல் பரிசு. விஞ்ஞானத்துக்காக அதைப் பெற்ற முதல் ஆசியர் அவரே. பரிசு ராமன் ஒருவருக்குத்தான் கிடைத்தது, கிருஷ்ணனுக்குப் பங்கு இல்லை. பிராக்டிகல் நோட்டில் கூட்டாளி பெயரை எழுத மறக்கிற நாம் இதையும் தெரிந்துகொள்வது நல்லது.

1933-இல் பெங்களூர் இந்திய அறிவியல் கழகத்தின் முதல் இந்திய இயக்குநரானார். அங்கே கருத்து வேறுபாடுகள் முற்றி 1937-இல் அந்தப் பொறுப்பை விட்டார். பேராசிரியராக மட்டும் தொடர்ந்தார். ஓய்வுபெற்றதும் 1948-இல் தனக்கென்று ஓர் ஆராய்ச்சி நிலையத்தைப் பெங்களூரில் ஏற்படுத்திக்கொண்டார். 1954-இல் பாரத ரத்னா. கடைசிக் காலத்திலும் ஒளியை விடவில்லை. பூக்களின் நிறத்தையும், மனிதக் கண் எப்படிப் பார்க்கிறது என்பதையும் ஆராய்ந்து 1968-இல், தம் 80-ஆம் வயதில், நூலாக வெளியிட்டார். 1970 நவம்பர் 21-இல் மறைந்தார்.

ஆம்னி என்ன ஆச்சு என்று கேட்பீர்கள். எங்கள் விரிவுரையாளரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். சட்டமே தெரியாமல் ஒட்டியிருக்கிறாய் என்று அவர் விளக்கினார். 1989-ஆம் வருஷ மத்திய மோட்டார் வாகன விதி 100-இன்படி முன் கண்ணாடியும் பின் கண்ணாடியும் 70 சதவீத வெளிச்சத்தையாவது உள்ளே விட வேண்டும், பக்கக் கண்ணாடிகள் 50 சதவீதம். 2012 ஏப்ரல் 27-இல் உச்ச நீதிமன்றம் கறுப்புப் பிலிம் ஒட்டுவதையே தடை செய்தது. பிறகு விதியில் திருத்தம் வந்தாலும் இந்த 70, 50 கணக்கு மாறவில்லை. நான் ஒட்டிய கரும்பச்சை அதற்குப் பக்கத்தில்கூட வராது. சில கார்களில் முன் கண்ணாடி மேலே பச்சையாக இருக்கிறதே என்றால், அது தொழிற்சாலையிலேயே செய்வது. லேமினேட்டட் கண்ணாடியின் இரண்டு தகடுகளுக்கு நடுவில் இருக்கும் பிளாஸ்டிக் தாளில் நிறம் ஏற்றி, கீழே வர வர மங்கி மறையும்படி செய்திருப்பார்கள்.

பட்டையைச் சூடு காட்டி மெதுவாக உரித்தேன். பசையைச் சோப்புத் தண்ணீரால் எடுத்தேன். உள்பக்கத்தை இரண்டு தடவை துடைத்து, ஈரம் போகப் பழைய நியூஸ்பேப்பரால் தேய்த்தேன். இரண்டு வைப்பர் பிளேடும் புதிசு. மாமா இப்போது சன் வைசரை இறக்குகிறார், பொழுது சாயும்போது வேகத்தைக் குறைக்கிறார். ஊதுபத்தி மட்டும் வண்டிக்கு வெளியே காட்டப்படுகிறது. பிள்ளையார் கோபித்துக்கொள்ளவில்லை. வாரத்துக்கு ஒருமுறை மாமாவே கண்ணாடியை உள்பக்கம் துடைத்துவிட்டு எனக்குப் போன் பண்ணிச் சொல்வார்.

படிப்பை முடித்து நாம் ஆளுக்கொரு ஒர்க்ஷாப்புக்குப் போவோம். கண் கூசுது, ஒரு பட்டை ஒட்டிக் கொடு தம்பி என்று யாராவது வண்டியைக் கொண்டுவந்து நிறுத்துவார்கள். அப்போது பிலிம் சுருளை எடுப்பதற்கு முன்னால் உங்கள் விரலால் ஒருமுறை அந்தக் கண்ணாடியின் உள்பக்கத்தைத் தேய்த்துப் பாருங்கள். செஞ்சி ரோட்டில் இன்றைக்கும் அந்தப் பையன் பால் கேனோடு சைக்கிளில் போய்க்கொண்டிருக்கிறான்.

— மூன்றாம் ஆண்டு ஆட்டோமொபைல் மாணவன்