விம்பிள்டனில் வென்ற முதல் இந்தியப் பெண் லீலா ராவ்

டென்னிஸ் என்றால் நமக்கு சானியா மிர்சா தெரியும். அவருக்கு ரொம்ப காலத்துக்கு முன்னாடியே நம் நாட்டுக்குப் பெருமை சேர்த்த லீலா ராவ் பற்றி நான் எழுதுகிறேன்.

பிறப்பும் தாயும்

லீலா ராவ் 1911-ஆம் ஆண்டு பம்பாயில் (இன்றைய மும்பை) பிறந்தார். தந்தை ராகவேந்திர ராவ் ஒரு டாக்டர். தாய் க்ஷமா ராவ் சமஸ்கிருதக் கவிஞர். அந்த அம்மா கல்யாணத்துக்குப் பிறகும் படித்தார், எழுதினார், டென்னிஸ் பந்தயங்களிலும் ஆடி ஜெயித்தார். தாயைப் போல பிள்ளை, நூலைப் போல சேலை என்று நம்ம ஊரில் சொல்வார்கள். லீலாவும் அப்படியே மட்டையைப் பிடித்தார்.

சாதனை

விம்பிள்டன் போட்டி இங்கிலாந்தில் லண்டனில் புல்தரையில் நடக்கிறது. 1877-இல் தொடங்கியது. பெண்களுக்கு 1884-இல்தான் இடம் கிடைத்தது. 1934-இல் லீலா அங்கே கிளாடிஸ் சவுத்வெல் என்பவரை முதல் சுற்றில் தோற்கடித்தார். விம்பிள்டனில் ஓர் இந்தியப் பெண் பெற்ற முதல் வெற்றி இதுதான். அப்போது நம் நாடு ஆங்கிலேயர் ஆட்சியில் இருந்தது என்பதை மறக்கக் கூடாது!

அடுத்த சுற்றில் பிரான்ஸ் நாட்டின் ஐடா ஆடமாஃபிடம் தோற்றார். 1935-இல் மறுபடியும் போய் முதல் சுற்றிலேயே தோற்றார். ஆனாலும் மட்டையைக் கீழே வைக்கவில்லை. இந்தியாவில் அகில இந்தியப் பட்டத்தைப் பல முறை வென்றார். அந்தக் காலத்தில் விம்பிள்டனில் ஜெயித்தாலும் பரிசுப் பணம் கிடையாது. 1968-இல்தான் பணம் கொடுக்க ஆரம்பித்தார்கள்.

பிற்கால வாழ்க்கை

1943-இல் ஹரீஷ்வர் தயாள் என்ற அதிகாரியை மணந்தார். அவர் பின்னாளில் நேபாளத்தில் இந்தியத் தூதராக இருந்து 1964-இல் காலமானார். லீலா இந்திய நடனம் பற்றிப் புத்தகங்கள் எழுதினார். தாயின் கதைகளை சமஸ்கிருத நாடகங்களாக்கினார்.

நான் நினைப்பது

ஒரே ஒரு மேட்ச் ஜெயித்ததுக்கு இவ்வளவு பெருமையா என்று சிலர் கேட்கலாம். யாராவது ஒருத்தர் முதலில் போனால்தானே பின்னால் வருகிறவர்களுக்கு வழி தெரியும். 1998-இல் நம் கோயம்புத்தூர் நிருபமா வைத்தியநாதன் ஆஸ்திரேலிய ஓப்பனில் ஒரு சுற்று வென்றார். 2005-இல் சானியா விம்பிள்டனில் வென்றார்.

லீலா வசதியான வீட்டுப் பெண். நம் திண்டுக்கல் பக்கத்துக் கிராமங்களில் டென்னிஸ் மட்டை யார் வாங்கித் தருவார்கள்? அது உண்மைதான். ஆனால் அவருக்குக் கிடைத்த பெரிய வசதி பணம் மட்டும் இல்லை, விளையாடத் தெரிந்த ஒரு அம்மா. எங்கள் வகுப்பில் நன்றாக ஓடிய இரண்டு பேரை, பெரிய பெண் ஆனதும் வீட்டில் கிரவுண்டுக்கு விடவில்லை. இப்போது அவர்கள் விளையாட்டு பீரியடில் மரத்தடியில் உட்கார்ந்து எங்கள் புத்தகப் பைகளைப் பார்த்துக்கொள்கிறார்கள்.

டென்னிகாய்ட் ஆட ஒரு வளையமும் ஒரு வலையும் போதும். ஆசிரியர்களே, பெற்றோர் கூட்டத்தில் மார்க் பற்றிப் பேசும்போது இதையும் அம்மாக்களிடம் தயவுசெய்து சொல்லுங்கள். தோழிகளே, நீங்களும் வீட்டில் லீலா ராவின் கதையைச் சொல்லுங்கள், முக்கியமாக அவர் அம்மாவின் கதையை.



– 9-ஆம் வகுப்பு மாணவி