பிராங்க் காப்ரா

ஸிஸிலித் தீவில் பிஸாக்கினோ என்னும் சிற்றூரில் 1897-ம் வருஷம் பிறந்தவர் பிராங்க் காப்ரா. 1903-ல் பெற்றோர் அவரைக் கப்பலின் அடித்தட்டில் அமெரிக்காவுக்கு அழைத்துச் சென்றனர். லாஸ் ஏஞ்சலிஸ் வீதிகளில் பத்திரிகை விற்றுக்கொண்டே படித்து, 1918-ல் ரஸாயன எஞ்ஜினீயர் பட்டம் பெற்றார். பட்டம் சோறு போடவில்லை, சினிமா போட்டது. 1934, 1936, 1938 ஆகிய வருஷங்களின் படங்களுக்காகச் சிறந்த டைரக்டர் என்னும் ஆஸ்கார் பரிசு மும்முறை கிடைத்தது. இவை யாவரும் அறிந்தவை. நாம் கூற விரும்புவது அவருடைய யுத்தகாலப் பணியைப் பற்றியே.

1941 டிசம்பரில் ஜப்பான் பேர்ள் துறைமுகத்தைத் தாக்கிற்று. காப்ரா ராணுவத்தில் சேர்ந்தார். யுத்தம் எதற்காக என்பதைச் சிப்பாய்களுக்கு விளக்கும் டாகுமெண்டரிப் படங்களைத் தயாரிக்கும்படி தளபதி ஜார்ஜ் மார்ஷல் பணித்தார். நாஜிக் கட்சியின் 1934-ம் வருஷ நூரம்பர்க் மகாநாட்டை லெனி ரீபென்ஸ்டால் என்னும் மாது எடுத்திருந்த படத்தைக் கண்டதும் காப்ரா திகைத்துப் போனார். அதற்கு ஈடான படம் எடுக்கப் பணமும் இல்லை, அவகாசமும் இல்லை.

எதிர்த்தரப்புச் சாட்சியின் வாயாலேயே தம் வழக்கை ருசுப்பிப்பது வக்கீல்களுக்குத் தனிப் பெருமை. காப்ரா கையாண்ட வழியும் அதுவே. பகைவர் தமது கீர்த்திக்காக எடுத்துவைத்த படச்சுருள்களையே சேகரித்தார். சிப்பாய்களின் அணிவகுப்பு, ஹிட்லரின் ஆவேசம், மேல்மாடத்தில் நின்று முழங்கும் முஸோலினி ஆகிய காட்சிகள் அப்படியே இருந்தன. அவற்றின் வரிசையும், பின்னணியில் ஒலித்த விளக்கவுரையும் மட்டுமே மாறின. கீர்த்திக்கு எடுத்தது குற்றத்துக்குச் சாட்சியமாயிற்று. 1942 முதல் 1945 வரை இவ்வாறு ஏழு படங்கள் வெளிவந்தன. முதற்படம் ஆஸ்கார் பரிசும் பெற்றது. கூண்டில் நிறுத்தப்பட்ட மூன்று தேசங்களுள் ஒன்று அவர் பிறந்த இத்தாலி என்பதை நேயர்கள் கவனிக்க வேண்டும்.

ஆயினும், சாட்சிக்குச் சொல்லிக் கொடுப்பதும் கோர்ட்டுகளில் நாம் அறியாததன்று. ருஷ்ய யுத்தத்தைப் பற்றிய படத்தில் உண்மைச் செய்திப்படங்களோடு ஐஸன்ஸ்டைனின் கதைப்படக் காட்சிகளும் கலந்தன. 1939-ல் ஸ்டாலின் ஹிட்லரோடு செய்துகொண்ட உடன்படிக்கையை அப்படம் மறைத்தது. ஜப்பானுக்கு எதிராகக் காட்டப்பட்ட டனாகா விண்ணப்பம் பொய்ப் பத்திரம் என்பதே இன்று சரித்திராசிரியர் பெரும்பாலோரின் முடிவு. நோக்கம் நியாயமானதே, அதற்காக இவற்றை நியாயமென்று நாம் சொல்லமாட்டோம்.

இத்தனை செய்தவருக்குக் கிடைத்த பலன் விசித்திரமானது. 1951-ல், தாம் படித்த கல்லூரி ராணுவத்துக்காக நடத்திய ஆராய்ச்சியில் பங்குபெற முன்வந்தபோது, அவருடைய தேசபக்தியையே அதிகாரிகள் சந்தேகித்தனர்! குடியேறி அரை நூற்றாண்டு ஆகியும், மும்முறை பரிசு பெற்றும், ராணுவ உடை தரித்தும், தாம் விசுவாசி என்று எழுதி நிரூபிக்க நேர்ந்தது. 1952 ஜனவரியில் பம்பாயில் கூடிய சர்வதேசத் திரைப்பட விழாவுக்கு அமெரிக்காவின் பிரதிநிதியாக வந்தவரும் இவரேதான்.

1991-ல் காப்ரா காலமானார். அவருடைய யுத்தப் படங்களே இப்போது பழம் படச்சுருள்களாகிவிட்டன. பின்வந்தோர் தம் டாகுமெண்டரிகளுக்கு அவற்றிலிருந்து காட்சிகளை வெட்டி எடுத்துக்கொள்கின்றனர். களத்தில் எடுத்த காட்சியும், கதைப்படத்திலிருந்து வந்த காட்சியும் அவற்றில் ஒன்றாகவே கிடக்கின்றன.