பிரிக்பீல்ட்ஸ் சாலைக்குப் பெயர் தந்தவர்

மோனோரயிலில் போகும்போது 'துன் சம்பந்தன்' என்று அறிவிப்பு வரும். மூணு வருஷமா நான் கேட்டுக்கிட்டே இருந்தேன், யார் என்று ஒரு நாளும் யோசிக்கவில்லை. தீபாவளி நேரத்தில் துணி எடுக்க, வாழையிலைச் சாப்பாடு சாப்பிட நாம் கூட்டம் கூட்டமாகப் போகிற பிரிக்பீல்ட்ஸ் மெயின் ரோடும் ஜாலான் துன் சம்பந்தன்தான். போன விடுமுறையில் கிள்ளானில் பாட்டி அலமாரியைச் சுத்தம் செய்தபோது ஒரு பழைய கூட்டுறவுப் பங்குப் பத்திரம் கிடைத்தது. "இது சம்பந்தன் சங்கம்பா, தூக்கிப் போட்டுடாதே" என்றார் பாட்டி. அன்றைக்குத்தான் தேட ஆரம்பித்தேன்.

முழுப்பெயர் வீராசாமி திருஞான சம்பந்தன். தேவார வகுப்பில் படித்த நமக்கு அது யார் பெயர் என்று சொல்லத் தேவையில்லை. 1919 ஜூன் 16ஆம் தேதி பேராக் மாநிலம் சுங்கை சிப்புட்டில் பிறந்தார். அப்பா ரப்பர்த் தோட்ட உரிமையாளர், வசதியான குடும்பம். கோலகங்சார் கிளிஃபோர்ட் பள்ளியில் படித்துவிட்டு, தமிழ்நாட்டுக்குப் போய் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் பட்டம் வாங்கினார். அவருடைய 29வது பிறந்தநாள் அன்றுதான், 1948ல், அதே சுங்கை சிப்புட் பக்கம் வெள்ளைக்காரத் தோட்ட நிர்வாகிகள் சுட்டுக் கொல்லப்பட்டு அவசரகாலம் தொடங்கியது. 1954ல் அவர் முயற்சியில் எழுந்த மகாத்மா காந்தி தமிழ்ப்பள்ளியை நேருவின் தங்கை விஜயலட்சுமி பண்டிட் வந்து திறந்து வைத்தார்.

1955ல் ம.இ.கா.வின் ஐந்தாவது தலைவரானார். அதே வருஷம் நடந்த முதல் பொதுத்தேர்தலில் கூட்டணி 52 இடத்தில் 51 பிடித்தது. சட்டமன்றத்துக்குப் போன அவர் தொழிலாளர் அமைச்சரானார். சுதந்திரத்துக்குப் பிறகு சுகாதாரம், அப்புறம் பொதுப்பணி, தபால், தந்தி. 1959ல் இருந்து 1974 வரை சுங்கை சிப்புட் நாடாளுமன்ற உறுப்பினர். 1973ல் ஒரு நாள் தற்காலிகப் பிரதமராகவும் இருந்திருக்கிறார். இதெல்லாம் எந்தப் புத்தகத்திலும் கிடைக்கும். என்னைப் பிடித்து நிறுத்தியது வேற.

சுதந்திரம் வரும் சமயத்தில் வெள்ளைக்காரக் கம்பெனிகள் தோட்டங்களை விற்க ஆரம்பித்தன. வாங்கியவர்கள் முழுத் தோட்டமாக வைத்துக்கொள்ளாமல், துண்டு துண்டாக வெட்டிப் பலருக்கு விற்றார்கள். கை மாறினாலே லாபம். தோட்டத் துண்டாடல் என்று இதைச் சொல்வார்கள். பத்து இருபது ஏக்கர் வாங்கினவருக்கு நூறு பால்மரத் தொழிலாளி எதற்கு? வேலை போகும். லயத்து வீடு வேலையோடு சேர்ந்தது, அதனால் வீடும் போகும். பிள்ளைகள் போனால் தமிழ்ப்பள்ளி காலி. கோயிலுக்கு விளக்கேற்ற ஆள் இல்லை. குடியுரிமைகூட இல்லாத குடும்பங்கள் எங்கே போகும்?

அமைச்சராக இருந்தும் அவரால் விற்பனையைத் தடுக்க முடியவில்லை. அப்போது அவர் போட்ட கணக்கு எனக்கு ரொம்பப் பிடித்தது: விற்கிற தோட்டத்தைத் தொழிலாளியே வாங்கினால் என்ன? 1960ல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கம் தொடங்கியது. ஒரு பங்கு 100 வெள்ளி. மொத்தமாகக் கட்ட முடியாதவர்கள் மாதம் பத்து வெள்ளி கட்டலாம். இன்றைக்கு நாம் ஒரு தடவை சாப்பிடுகிற காசு என்று நினைக்காதீர்கள். அன்றைய தோட்டக்கூலிக்கு அது பெரிய பணம். வட்டிக்காரனிடமும் சீட்டு பிடித்தவனிடமும் ஏமாந்து பழகிய சனங்களிடம் காசு கேட்கணும். அதனால் அவரே தோட்டம் தோட்டமாகப் போய்ப் பேசினார். அடுத்த வருஷமே கெடாவில் புக்கிட் சீடிம் தோட்டத்தைச் சங்கம் வாங்கியது.

பாட்டி வேலை செய்த தோட்டம் காப்பாற்றப்படவில்லை. கிள்ளான் பக்கம் இருந்த அந்த இடத்தில் இப்போது தொழிற்சாலைகள். ஆனாலும் அவர் பத்து பத்து வெள்ளியாகக் கட்டியிருக்கிறார், வேறு யாரோ ஒரு தோட்டத்தைக் காப்பாற்ற.

அவர் மேல் குறையே இல்லை என்று சொல்ல மாட்டேன். கூட்டணிக்குள் மென்மையாகவே பேசினார், இன்னும் அழுத்திக் கேட்டிருக்கலாம் என்பவர்கள் உண்டு. 1969க்குப் பிறகு குடியுரிமை இல்லாதவர்களுக்கு வேலை பெர்மிட் கெடுபிடி வந்தபோது பல குடும்பங்கள் கப்பலேறின. அதைப் படிக்கும்போது எனக்கும் அந்தக் கேள்வி வந்தது. 18 வருஷம் தலைவராக இருந்ததில் கட்சிக்குள் உரசல் முற்றி, 1973ல் பதவியை விட்டு இறங்கினார். அடுத்துத் தலைவரானவர் நம்ம கிள்ளான் நாடாளுமன்ற உறுப்பினர் வெ. மாணிக்கவாசகம். சம்பந்தருக்குப் பிறகு மாணிக்கவாசகர்! யாரும் திட்டமிட்டு வைத்த பெயர்கள் இல்லை.

அரசியலை விட்டாலும் சங்கத்தை அவர் விடவில்லை. அப்பா சேர்த்த சொத்தில் பெரும்பகுதி பொதுவாழ்க்கையிலேயே கரைந்திருந்தது. 1979 மே 18ஆம் தேதி கோலாலம்பூரில் காலமானார். அறுபது முடிய இன்னும் ஒரு மாதம்கூட இல்லை.

பத்திரத்தைப் பிளாஸ்டிக் உறையில் போட்டுப் பாட்டியிடமே கொடுத்துவிட்டேன். சாமி அறையில் விபூதித் தட்டுக்குப் பின்னால் வைத்திருக்கிறார்.