யானை மரத்தைச் சாய்க்கையில் வென்டின் குரல் எங்கே?

கொழும்பில் நாடகம் பார்க்கப் போகிறவர்களுக்கு லயனல் வென்ட் என்பது ஓர் அரங்கின் பெயர். மன்னாரில் அந்தப் பெயரைக் கேட்டவர்கள் குறைவு. ஆனால் அவர் குரல் கொடுத்த படத்தின் வார்த்தைகளுக்கு எங்கள் கரையோடு தொடர்பு உண்டு.

வென்ட் 1900 டிசம்பரில் பிறந்தார். தந்தை பறங்கியர், உயர் நீதிமன்ற நீதியரசர், தாய் சிங்களவர். லண்டனில் சட்டமும் பியானோவும் படித்துவிட்டு 1924 இல் திரும்பினார். சட்டத்தை விட்டார்; பியானோவோடு கமராவும் சேர்ந்துகொண்டது. விரும்பியதைச் செய்ய வீட்டில் வசதி இருந்தது என்பதையும் சொல்ல வேண்டும்.

1934 இல் பசில் ரைட், தேயிலைப் பிரசார சபைக்காக 'சோங் ஒஃப் சிலோன்' ஆவணப்படத்தை எடுக்க வந்தபோது வழிகாட்டியவர் வென்ட். பிறகு லண்டன் சென்று வர்ணனையும் வாசித்தார். அதில் பெரும்பகுதி ரொபர்ட் நொக்ஸ் 1681 இல் வெளியிட்ட நூலிலிருந்து எடுத்தது. கண்டி இராச்சியத்தில் பத்தொன்பது வருடங்களுக்கு மேல் கைதியாக இருந்த நொக்ஸ், 1679 இல் யானைக் காடுகளுக்கூடாக அருவியாற்றைப் பின்பற்றி நடந்து, அரிப்பிலிருந்த ஒல்லாந்தர் கோட்டைக்கு வந்து சேர்ந்தார். இடிந்த கோட்டை இன்றும் நிற்கிறது. மன்னன் யானையை மரணதண்டனைக்குப் பயன்படுத்தியதையும் நொக்ஸ் எழுதியிருக்கிறார்.

படத்தின் மூன்றாம் பகுதியில் ஒரு யானை மரத்தை முட்டிச் சாய்க்கிறது. அழகான காட்சிதான். ஆனால் அந்தப் பகுதியில் வென்டின் குரல் ஒதுங்கிவிடுகிறது. வர்த்தகக் குரல்களே மேலோங்குகின்றன. அந்த யானைக்குப் புண் வந்தால் யார் மருந்து கட்டினார்கள், எத்தனை மணிநேரம் வேலை செய்தது என்று படம் கேட்பதில்லை. தேயிலை விற்கக் காசு கொடுத்தவர்கள் அதைக் கேட்கவும் மாட்டார்கள். 1935 இல் பிரசல்ஸ் திரைப்பட விழாவில் படம் முதல் பரிசு பெற்றது.

எனக்கு இந்தக் காட்சி உறுத்துவதற்குக் காரணம் எங்கள் ஊர்க் கழுதைகள். அரபு வணிகர்கள் கொண்டுவந்தவை என்பார்கள். ஒருகாலத்தில் பொதி சுமந்தவை, லொறி வந்தபின் தெருவுக்கு வந்தன. குப்பையில் பொலித்தீனைத் தின்னும், இரவில் வாகனங்களில் அடிபடும். அவற்றுக்கென இங்கே ஒரு சிகிச்சை நிலையம் வந்தது மிகவும் பிந்தித்தான்.

வென்டை நான் குற்றவாளியாக்கவில்லை. உழைக்கும் மனிதரின் உடலை அவரளவு கவனித்துப் படமெடுத்தவர்கள் அன்று இலங்கையில் அரிது. 1943 இல் '43 குழு' ஓவியர்கள் ஒன்றுசேர்ந்ததும் அவர் முயற்சியால்தான். 1944 டிசம்பர் 19 இல், 44 வயதில் இறந்தார். அவரது புகைப்படங்கள் 1950 இல் லண்டனில் நூலாக வெளிவந்தன.